பெட்டிக்கு அடியில் ஒரு வரலாறு

ஆசிரியருக்கு வணக்கம்.

தங்கள் நாளிதழில் வந்த ரயில்வே வரலாற்றுக் கட்டுரை, 1853-ல் போரிபந்தரிலிருந்து தாணேவுக்கு ஓடிய முதல் வண்டியில் தொடங்கி, பாலம், குகை, எஞ்சின் என்று நிறையவே சொன்னது. பெட்டிக் கழிவறையின் ஓட்டையைப் பற்றி மட்டும் ஒரு வரிகூட இல்லை. தலைமுறை தலைமுறையாகக் கழிவு அதன் வழியே நேராகத் தண்டவாளத்தில் விழுந்தது. நிலையங்களில் அதை அள்ளியவர்கள் பெரும்பாலும் தலித் மக்கள். கையால் மலம் அள்ளுவதைத் தடுக்கும் 2013-ஆம் ஆண்டுச் சட்டம் ரயில் பாதையையும் பெயர் சொல்லிச் சேர்த்தது இதனால்தான்.

பாதைக்கும் இது கேடு. ஈரமும் உப்பும், தண்டவாளத்தை இறுக்கிப் பிடிக்கும் கிளிப்புக்குக் கீழுள்ள லைனர் என்ற தகட்டுக்கு அடியில் தேங்கி, தண்டவாளத்தின் அடிப்பாகத்தை அரிக்கும். கிளிப் துருவேறி இறுகிவிட்டால், கிரீஸ் போடக்கூடக் கழற்ற வராது. மேல்பக்கம் பளபளவென்று இருக்கும். அடியில் கனம் குறைந்திருக்கும். ஆயுள் முடியுமுன்பே தண்டவாளத்தை மாற்ற வேண்டி வரும். பாதையில் கழிவு விழுவதை ஐந்தாண்டுக்குள் ஒழிக்கச் சொன்னது, ரயில் பாதுகாப்பை ஆராய்ந்த அனில் ககோட்கர் குழு, 2012-ல்.

பிறகு, பாதுகாப்பு ஆராய்ச்சி நிறுவனமான டி.ஆர்.டி.ஓ.வுடன் சேர்ந்து ரயில்வே உருவாக்கிய பயோ டாய்லெட் பரவலானது. 2016-ல் மானாமதுரை–ராமேஸ்வரம் 114 கி.மீ. பாதை, கழிவு விழாத நாட்டின் முதல் பாதையானது. பெட்டிக்கு அடியில் உள்ள தொட்டியில், காற்றில்லாமல் வாழும் பாக்டீரியா மலத்தைச் சிதைத்து நீரும் வாயுவுமாக்கும். அந்த நீர் குளோரின் பட்டு வெளியேறும். நல்ல ஏற்பாடு, சந்தேகமில்லை.

ஆனால் கழிவறைப் பேசினுக்குக் கீழே ஒரு வளைகுழாய் இருக்கிறது. தண்ணீர் பாட்டில், குட்கா உறை, நாப்கின், டயாபர் எது விழுந்தாலும் அங்கேதான் சிக்கும். பிளாஸ்டிக்கைப் பாக்டீரியா தின்னாது. அடைத்துக்கொண்டால் அதைக் கையைவிட்டு எடுக்க வேண்டியவர் ஒரு துப்புரவுத் தொழிலாளிதான். தண்டவாளத்தில் நடந்த அதே வேலை இப்போது பெட்டிக்கு அடியில் நடக்கிறது! அடைப்பு தீரக் குழாயின் வால்வைத் திறந்து, மூட மறந்தால் எல்லாம் பழையபடி பாதையில்தான் விழும். ஆசிட் ஊற்றிக் கழுவினாலோ பாக்டீரியா செத்து, பாதி சிதைந்த கழிவு நாறும்.

எனவே ஒவ்வொரு கழிவறைக்குள்ளும் மூடியுள்ள குப்பைக்கூடை வேண்டும். நீண்ட தூர வண்டிகளில் நடுவழியிலேயே அதைக் காலி செய்யவும் வேண்டும். பணிமனைகளில் அடைப்பெடுக்க உறிஞ்சும் இயந்திரம் கட்டாயம். ஆசிட் அறவே கூடாது. கழிவைக் காற்றால் உறிஞ்சி இழுக்கும், புதிதாக வரும் வேக்குவம் கழிவறை, 10–15 லிட்டர் தண்ணீர் செலவாகும் இடத்தில் அரை லிட்டரில் முடித்துவிடும். ஆனால் நாப்கினும் துணியும் விழுந்தால் அதுவும் அடைக்கும். குப்பைக்கூடை இல்லாமல் அதைப் பொருத்துவதில் பயனில்லை.

– ஓய்வுபெற்ற ரயில்பாதைப் பொறியாளர், மானாமதுரை