மீன் கூடையையும் எஃப்.ஐ.ஆரில் எழுதுங்கள்

ராமநாதபுரம் மாவட்டக் காவல் கண்காணிப்பாளர் அவர்களுக்கும், கிழக்கு கடற்கரைச் சாலையிலும் மதுரை–ராமேசுவரம் நெடுஞ்சாலையிலும் உள்ள காவல் நிலையங்களின் விசாரணை அதிகாரிகளுக்கும்,

வணக்கம்.

சாலை விபத்தில் அடிபட்டவருக்கு எவ்வளவு இழப்பீடு என்று முடிவு செய்வது மோட்டார் வாகன விபத்து இழப்பீட்டுத் தீர்ப்பாயம். ஆனால் அந்தத் தொகை ஏறுவதும் இறங்குவதும் பெரும்பாலும் முதல் சில நாட்களில் உங்கள் நிலையத்தில் எழுதப்படும் காகிதங்களால்தான். அதனால்தான் இந்த மடல் உங்களுக்கு.

முதலில் குட்டியானை (சிறிய சரக்கு வண்டி) பயணம். பாம்பனிலும் மண்டபத்திலும் ஏலம் எடுத்த மீனோடு பெண்கள் சரக்கு வண்டியில் ஏறி உச்சிப்புளி, பரமக்குடி என்று விற்கப் போகிறார்கள். வண்டி கவிழ்ந்தால், ‘வேனில் பயணம் செய்த பெண்கள் காயமடைந்தனர்’ என்று எஃப்.ஐ.ஆர். ஒரே வரியில் முடித்துவிடுகிறது. காப்பீட்டு நிறுவனம் கையை விரிக்க அந்த ஒரு வரி போதும்: சரக்கு வண்டியில் சும்மா ஏறியவருக்கு பாலிசி பொறுப்பில்லை என்பார்கள். ஆனால் சரக்கோடு வரும் அதன் உரிமையாளரை மோட்டார் வாகனச் சட்டத்தின் 147-ஆம் பிரிவு 1994 திருத்தத்திலிருந்தே காப்பீட்டுக்குள் வைத்திருக்கிறது. ஆகவே யாருடைய கூடை, என்ன மீன், சுமார் எத்தனை கிலோ, எங்கே ஏற்றியது என்பதைப் புகாரிலும் பார்வை மகஜரிலும் (விபத்து நடந்த இடத்தைப் பார்த்து எழுதும் குறிப்பு) எழுதுங்கள். சிதறிய மீனை ஓரமாக அள்ளிப் போடும் முன் ஒரு போட்டோ எடுங்கள். ஏலச் சீட்டு இருந்தால் நகல் வாங்குங்கள். இல்லாத கூடையை எழுதச் சொல்லவில்லை, இருந்ததை விட்டுவிடாதீர்கள். (உப்பளத்துக்கு வெறுங்கையோடு போகிறவர்களுக்கு இந்த வழி உதவாது. அது வேறு சண்டை.)

அடுத்து காயச் சான்று. எக்ஸ்ரே வருமுன் எழுதிய ‘சாதாரண காயம்’ அப்படியே நின்றுவிடுகிறது. எலும்பு முறிவு கொடுங்காயம் என்று பாரதிய நியாய சன்ஹிதாவின் (பி.என்.எஸ்.) 116-ஆம் பிரிவு சொல்கிறது. மருத்துவரிடம் இறுதிக் கருத்தை வாங்கி, வழக்கை 125(ஏ)-யிலிருந்து (சாதாரண காயம்) 125(பி)-க்கு (கொடுங்காயம்) மாற்றி நீதிமன்றத்துக்கு அறிக்கை அனுப்புங்கள். மருத்துவமனை விபத்துப் பதிவேட்டில் ‘கீழே விழுந்து அடி’ என்றிருந்தால், எந்த வண்டி எப்படி மோதியது என்று அன்றே வாக்குமூலம் வாங்கிவிடுங்கள். ஒரு வருடம் கழித்துச் சொன்னால் ஜோடித்த கதை என்பார்கள்.

எல்லாவற்றையும்விட அதிகப் பணத்தைத் தின்பது ‘தொழில்: கூலி’ என்ற இரண்டு சொல். விசைப்படகு டிரைவர், நாட்டுப்படகில் பங்குக்குப் போகிறவர், சங்கு குளிப்பவர், பாசி எடுப்பவர், பனையேறி என்று உள்ளதை எழுதுங்கள். முழங்கால் மடங்காத ஒருவருக்கு மருத்துவக் குழு 30 சதவீத ஊனம் தரலாம். ஆடும் வள்ளத்தில் நின்று வலை இழுக்க அந்தக் கால் உதவாது. ஊனச் சதவீதம் வேறு, சம்பாதிக்கும் திறனில் ஏற்படும் இழப்பு வேறு என்று ராஜ்குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2010-லேயே பிரித்துச் சொல்லிவிட்டது. ஒரு மாதிரிக் கணக்கு: வயது 34, மாத வருமானம் 15,000 ரூபாய். எதிர்கால உயர்வு 40 சதவீதம் சேர்த்தால் 21,000. அதை 12 மாதத்தால், பிறகு அந்த வயதுக்குரிய 16 என்ற பெருக்கு எண்ணால் பெருக்கினால் 40,32,000. சம்பாதிக்கும் திறன் பாதி போயிற்று என்று ஏற்றால் 20,16,000. தொழில் தெளிவாக இல்லாமல், 30 சதவீத ஊனத்துக்கு, சதவீதம் ஒன்றுக்கு 5,000 ரூபாய் என்று போட்டால் அந்தத் தலைப்பில் கிடைப்பது 1,50,000.

பங்குக்குப் போகிறவரிடம் சம்பளச் சீட்டு இருக்காது. மீனவர் நலவாரிய அட்டை, கூட்டுறவுச் சங்க அட்டை, இவற்றின் நகலை இணையுங்கள். எந்தப் படகு என்பதும் முக்கியம். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் மீன்பிடித் தடைக்காலம் என்று சொல்லி வருமானத்தை வெட்டப் பார்ப்பார்கள். நாட்டுப்படகுக்கு அந்தத் தடை இல்லை.

முதல் விபத்து அறிக்கை 48 மணி நேரத்துக்குள், விரிவான அறிக்கை 90 நாளுக்குள் தீர்ப்பாயத்துக்குப் போக வேண்டும் என்பது 2022 மோட்டார் வாகன விதி. அந்த அறிக்கையையே இழப்பீட்டு மனுவாக ஏற்க மோட்டார் வாகனச் சட்டத்தின் 166(4) பிரிவு இடம் தருகிறது. மனுவுக்குச் சட்டத் திருத்தம் 6 மாதக் கெடு வைத்திருப்பதால், நீங்கள் தாமதித்தால் பாதிக்கப்படுவது அடிபட்டவர்.

இடித்துவிட்டு நிற்காமல் போன வண்டி கிடைக்கவில்லை என்றால் வழக்கை மூடிவிட்டு இருக்காதீர்கள். கொடுங்காயத்துக்கு 50,000, உயிரிழப்புக்கு 2 லட்சம் ரூபாய் அரசுத் திட்டத்தில் உண்டு. ஒரு மாதத்தில் வண்டி தெரியவில்லை என்றால், கோட்டாட்சியரிடம் மனுக் கொடுக்கலாம் என்று அடிபட்டவருக்கு எழுத்தில் தெரிவித்து, எஃப்.ஐ.ஆர். நகலையும் சேர்த்துக் கொடுங்கள்.

இப்படிக்கு,
விபத்து இழப்பீட்டு மனுக்களுக்கு உதவும் சட்டத் தன்னார்வலர்கள்,
ராமநாதபுரம்