கிருஷ்ணகிரி நண்பனுக்கு: வேதபாடம் நடத்துவது பற்றி

தருமபுரி

அன்புள்ள தேவராஜ்,

கிறிஸ்துவின் நாமத்தில் வாழ்த்துகள். உன் கடிதம் கிடைத்தது. இங்கே எல்லாரும் சுகம். வெயில் இப்போதே ஏறிவிட்டது. தங்கச்சிக்கு மூட்டுவலி பரவாயில்லையா? உங்கள் சபைப் போதகர் ஐயர் மாற்றலாகிப் போகிறார் என்ற செய்தி எனக்கும் வந்தது. புதிதாக வருகிறவருக்காக ஜெபித்துக்கொள்வோம்.

பையன் பெங்களூருக்குப் படிக்கப் போனதிலிருந்து கேள்வி மேல் கேள்வி கேட்கிறான், படிப்பு அவன் விசுவாசத்தைக் கெடுத்துவிடுமோ என்று பயப்படுகிறாய். வாலிபருக்கு வேதபாடம் எடுக்கச் சொல்கிறார்கள், எப்படி எடுப்பது என்றும் கேட்கிறாய். இரண்டுக்கும் பதில் ஒன்றுதான் என்று எனக்குப் படுகிறது.

தானியேல் முதல் அதிகாரத்தை இன்னொரு முறை நிதானமாகப் படித்துப் பார். பாபிலோனுக்குச் சிறைப்பட்டுப் போன அவனுக்கு அங்கே மூன்று வருஷப் படிப்பு. கல்தேயரின் எழுத்தும் பாஷையும்தான் பாடம். அதை அவன் மறுக்கவில்லை. மறுத்தது ராஜாவின் சாப்பாட்டையும் திராட்சரசத்தையும். அதற்கும் சண்டை போடாமல், பத்து நாள் சோதித்துப் பாருங்கள் என்று மரியாதையாகக் கேட்டான். 17-ஆம் வசனம் அந்த நாலு வாலிபருக்கும் எழுத்திலும் ஞானத்திலும் அறிவைக் கொடுத்தவர் தேவன்தான் என்கிறது. எதைக் கற்கலாம், எதைத் தொடக்கூடாது என்று பிரித்துப் பார்க்கத் தெரிந்திருந்ததால் அவன் அங்கே நிலைத்து நின்றான். பவுலும் சிறையில் இருந்துகொண்டு மேலங்கியோடு புஸ்தகங்களையும் தோற்சுருள்களையும் எடுத்துவரச் சொல்லித் தீமோத்தேயுவுக்கு எழுதினார். ஆகவே பையன் கேள்வி கேட்டால் அடக்காதே. தெரியாததைத் தெரியாது என்று சொல்லி, அவனோடு உட்கார்ந்து தேடு. அப்பா பயப்படுகிறார் என்று தெரிந்துவிட்டால் அப்புறம் அவன் உன்னிடம் கேட்கவே மாட்டான்.

நான் பயப்படுவது வேறொன்றுக்கு. எஸ்றா 7:10-ல் ஒரு வரிசை இருக்கிறது: வேதத்தை ஆராய, அதின்படி செய்ய, பிறகு உபதேசிக்க. நாம் ஆராய்ந்த கையோடு உபதேசத்துக்குத் தாவிவிடுகிறோம், நடுவில் உள்ளது விட்டுப்போகிறது. "அறிவு இறுமாப்பை உண்டாக்கும்" என்று பவுல் கொரிந்தியருக்கு எழுதியது இப்படிப்பட்ட அறிவைத்தான். வசனம் மனப்பாடமாக ஒப்பிக்கிறவர் வீட்டில் வேலைக்காரம்மாவுக்கு இரண்டு மாதச் சம்பளம் பாக்கி என்றால், அந்த வீட்டுப் பிள்ளைகள் விசுவாசத்தை விட்டுப்போவதற்குக் கல்லூரி காரணமில்லை.

ஆகையால் யாக்கோபு நிருபத்தில் ஆரம்பி. 5 அதிகாரம், 108 வசனம். எண்ணிக்கையாகப் பங்கு போடாமல் பொருள் முடிகிற இடத்தில் நிறுத்து. முதல் அதிகாரத்தை 11, 18, 27 ஆகிய வசனங்களில் நிறுத்தினால் மூன்று வாரம். இரண்டாவதை 13-லும், மூன்றாவதை 12-லும், நாலாவதை 12-லும் பிரித்தால் இரண்டிரண்டு வாரம். ஐந்தாவது 6-லும் 12-லும் நின்று மூன்று வாரம். மொத்தம் 12 வாரம். வெளிப்படுத்தின விசேஷம் வேண்டும் என்று வாலிபர் கேட்பார்கள், இப்போதைக்கு இசையாதே.

ஆறிலிருந்து எட்டுப் பேர் போதும். பத்தைத் தாண்டினால் நாலு பேர் பேசுவார்கள், மற்றவர்கள் தலையாட்டுவார்கள். ஒரு மணி நேரத்தில் முதல் பத்து நிமிஷம் போன வார விஷயத்துக்கு. பிறகு பகுதியை இரண்டு முறை சத்தமாக வாசிக்க வேண்டும், வெவ்வேறு ஆள். அடுத்த கால் மணி நேரம் யார் யாருக்கு என்ன சொல்கிறார் என்பது மட்டும். "உனக்கு என்ன தோன்றுகிறது" என்று எடுத்தவுடன் கேட்டுவிடாதே. வசனம் என்ன சொல்கிறது என்று பார்க்கும் முன்னே ஆளாளுக்கு மனதில் உள்ளதைக் கொட்டிவிடுவார்கள். அப்புறம் இன்னொரு கால் மணி நேரம் அர்த்தத்துக்கு. ஒரு வசனத்தைப் பிடித்துக்கொண்டு பைபிள் முழுக்க ஓடுகிறவர் ஒருவராவது இருப்பார். முன்னும் பின்னும் உள்ள வசனங்களைத் தாண்ட விடாதே. பரீட்சை நேரத்தில் நம் பிள்ளைகள் பிலிப்பியர் 4:13-ஐ நோட்டு அட்டையில் எழுதி வைக்கிறார்கள். எழுதட்டும். ஆனால் அதற்கு முந்தின இரண்டு வசனத்தில் பவுல் சொல்வது பசியிலும் குறைவிலும் மனரம்மியமாயிருக்கக் கற்றுக்கொண்டேன் என்பது. அது தெரிந்த பிள்ளை மார்க் குறைந்த அன்றைக்கும் அந்த வசனத்தைக் கையில் வைத்திருக்கும்.

கடைசிக் கால் மணி நேரம்தான் முக்கியம். "இன்னும் அதிகமாக ஜெபிக்கணும்", "அன்பா இருக்கணும்" என்ற பதிலை ஏற்றுக்கொள்ளாதே. என்ன, யாருக்கு, எந்தக் கிழமைக்குள் என்று ஒரே வரியில் எழுதச் சொல். நாவைப் பற்றிய மூன்றாம் அதிகாரத்துக்கு, "வியாழனுக்குள் அண்ணியிடம் போய், அன்றைக்குப் பேசினது தப்பு என்று சொல்வேன்" என்பதுபோல இருக்கட்டும். அடுத்த வாரம் செய்தாயா இல்லையா என்று கேள்; செய்யாதவனைக் கூட்டத்தில் வைத்துக் கண்டிக்காதே. இரகசியப் பாவங்களைக் கூட்டத்தில் பேச விடாதே, மறுநாளே தெருவுக்கு வந்துவிடும். ஆணோடு ஆண், பெண்ணோடு பெண் என்று ஜோடி சேர்த்துத் தனியே பேசவும் ஜெபிக்கவும் வை.

நம் பக்கத்துக்கென்று யோசிக்க வேண்டியதும் உண்டு. 2011 கணக்கெடுப்பில் தருமபுரியின் எழுத்தறிவு 68.54 சதவீதம், தமிழ்நாட்டிலேயே கடைசி. உங்கள் மாவட்டமும் ரொம்பத் தள்ளி இல்லை. வாசிக்கத் தெரியாத பெரியவர் வந்தால் முறை வைத்து வாசிக்கச் சொல்லிச் சங்கடப்படுத்தாதே. கேட்டதைத் திருப்பிச் சொல்லச் சொல். படித்தவர்கள் விட்டதை அவர்கள் பிடித்து வைத்திருப்பார்கள். ஓசூர் பக்கத்திலிருந்து வருகிற பிள்ளைகள் வீட்டில் தெலுங்கோ கன்னடமோ பேசினால், ஜெபத்தை அந்தப் பாஷையிலேயே செய்யட்டும்.

இந்த வீட்டுக்கூட்ட முறை புதிதில்லை. 1670-ல் ஜெர்மனியில் பிராங்பேர்ட்டில் ஸ்பேனர் என்ற போதகர் தன் வீட்டில் ஆரம்பித்தார். வெறும் அறிவு போதாது, நடக்கையில் தெரிய வேண்டும் என்பதுதான் அவர் போதித்தது. அந்த வழியில் வந்தவர் பிராங்கே. அவர் இருந்த ஹாலே நகரில் படித்த மிஷனரி சீகன்பால்க் 1706-ல் தரங்கம்பாடி வந்து பள்ளிக்கூடம் வைத்தார், 1715-ல் தமிழில் புதிய ஏற்பாட்டை அச்சிட்டு முடித்தார். ஆனால் பிராங்பேர்ட்டில் சிலர், நாங்கள்தான் உண்மையான விசுவாசிகள் என்று சபையை விட்டே பிரிந்து போனார்கள். அதனால் உன் கூட்டத்தை ஞாயிறு ஆராதனை நேரத்தில் வைக்காதே. புது ஐயர் வந்ததும் அவரிடம் சொல்லி அவரையும் ஒரு நாள் உட்கார வை.

உயிர்த்தெழுந்த பண்டிகை முடிந்த வாரம் தொடங்கினால் பத்தாவது பாடம், யாக்கோபு 5:1-6, பெரும்பாலும் ஜூனில் வரும். பிடித்து வைத்த கூலி கூக்குரலிடுகிறது என்ற பகுதி. அங்கே மாங்காய் சீசன். உன் கூட்டத்தில் தோப்புக் குத்தகைக்காரர் இருப்பார், பறிக்கப் போகிறவரும் இருப்பார். லேவியராகமம் 19:13-ஐயும் அன்றைக்கு மட்டும் சேர்த்து வாசி: கூலிக்காரன் கூலி விடியும்வரை உன்னிடத்தில் இருக்கக்கூடாது. யாரையும் பார்த்துப் பேசாதே. குத்தகைக்காரரை மட்டும் முந்தின நாளே தனியாகச் சந்தித்து, நாளைக்கு இந்தப் பகுதி வருகிறது அண்ணே என்று சொல்லிவிடு. எல்லார் முன்னிலும் தலைகுனிந்தவர் மறுவாரம் வரமாட்டார்; முன்னமே தெரிந்தவருக்குப் பாக்கியைக் கொடுத்துவிட்டு வர ஒரு ராத்திரி இருக்கிறது.

யார் யாரைக் கூப்பிடப் போகிறாய், எந்த வீட்டில் என்று எழுது. பையன் விடுமுறைக்கு வந்தால் இரண்டு நாள் இங்கே அனுப்பு. அவன் கேள்விகளை நானும் கேட்க வேண்டும்.

அன்புடன்,
உன் ஜெபசிங்