மலையைக் குடைந்தவர்கள் எதிர்பாராத நீரும் சேறும்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற மாத இதழில் வெளிவந்த, காஷ்மீர் ரயில் பாதையின் சுரங்கங்கள் குறித்த கட்டுரையைப் படித்தேன். பீர் பஞ்சால் மலைத்தொடரைத் துளைத்து 2013இல் திறக்கப்பட்ட 11.2 கி.மீ. சுரங்கம், பின்னர் அதையும் விஞ்சிய 12.77 கி.மீ. சுரங்கம், 2025 ஜூனில் கட்ராவிலிருந்து ஸ்ரீநகருக்குத் தொடங்கிய ரயில் சேவை என எல்லாம் ஒழுங்காகவே சொல்லப்பட்டிருந்தன. ஆனால் நீளத்தையும் இயந்திரத்தையும் கொண்டே ஒரு மலைச் சுரங்கத்தின் கதையைச் சொல்லி முடித்துவிடலாம் என்ற எண்ணம் கட்டுரை நெடுகிலும் தெரிகிறது. அதில்தான் எனக்கு உடன்பாடு இல்லை. பாறையின் கடினத்துக்கு மனிதர்கள் சீக்கிரமே வழி கண்டுவிட்டார்கள். கணக்கில் வராமல் வந்து திட்டங்களைக் குலைத்தவை நீரும் சேறும் வெப்பமும்தான்.

ஆல்ப்ஸ் மலையின் முதல் பெரிய ரயில் சுரங்கமான பிரெஜு, 1857இல் உளியும் சம்மட்டியும் கொண்டு தொடங்கப்பட்டது. ஜெர்மேன் சோமெயே என்ற பொறியாளர் அழுத்தக் காற்றில் இயங்கும் துளைக்கருவியைக் கொண்டுவந்த பிறகு வேலை வேகம் பிடித்து, 1871இல் ரயில் ஓடியது. அடுத்த ஆண்டு சுவிட்சர்லாந்தில் தொடங்கிய 15 கி.மீ. நீள கோத்தார்டு சுரங்கத்தில் டைனமைட்டும் சேர்ந்துகொண்டது. தாமதமாகும் ஒவ்வொரு நாளுக்கும் அபராதம் என்ற நிபந்தனைக்குக் கையெழுத்திட்ட ஒப்பந்தக்காரர் லூயி ஃபாவ்ர், 1879இல் சுரங்கத்துக்குள்ளேயே சுருண்டு விழுந்து இறந்தார். மறு ஆண்டு பிப்ரவரியில் இரு முனைகளும் சந்தித்தபோது, அந்தத் துளை வழியாக முதலில் அனுப்பப்பட்டது அவருடைய படம்தான். அவரைப் பற்றி எழுதுபவர்கள் பலர். 1875இல் வேலைநிறுத்தம் செய்த தொழிலாளர்கள் மீது துப்பாக்கிச் சூடு நடத்தப்பட்டு நால்வர் மாண்டதையும், மொத்தத்தில் ஏறத்தாழ 200 பேர் அந்த வேலையில் உயிரிழந்ததையும் எழுதுபவர்கள் குறைவு.

அந்தக் கணக்கில் சேராத ஒன்றும் உண்டு. வெளியே பனி உறைந்து கிடக்க, உள்ளே 30 டிகிரி செல்சியஸைத் தாண்டிய வெப்பத்தில், ஓயாமல் நீர் கசியும் தரையில், முறையான கழிப்பிடமின்றி ஆயிரக்கணக்கானோர் வேலை செய்தனர். இத்தாலியிலிருந்து திடகாத்திரமாக வந்தவர்கள் முகம் வெளிறி, நடக்கத் தெம்பில்லாமல் ஊர் திரும்பினர். காரணம் குடலில் ஒட்டி இரத்தம் உறிஞ்சும் கொக்கிப்புழு என்பதை 1880இல் இத்தாலியின் தூரின் நகரத்து ஆய்வாளர் எதுவார்தோ பெரோன்சித்தோ எடுத்துக்காட்டினார். நாற்றங்காலில் வெறுங்காலோடு இறங்கிப் பழகிய டெல்டாக்காரர்களுக்குக் கொக்கிப்புழு புதிதல்ல. அதற்காகவும்தான் இன்றும் பள்ளிப் பிள்ளைகளுக்கு அல்பெண்டசோல் என்ற குடற்புழு நீக்க மாத்திரை கொடுக்கிறார்கள். வெப்ப நாட்டு ஈரமண்ணின் நோய் பனிமலையின் வயிற்றுக்குள் அப்படிப் பரவியது, அங்கே நிலவிய சூழல் எத்தகையது என்பதற்கு வேறு சாட்சியம் தேவையில்லாமல் செய்துவிடுகிறது. சுவிட்சர்லாந்தையும் இத்தாலியையும் இணைக்க 1898இல் தொடங்கிய சிம்ப்ளான் சுரங்கத்தில் காற்றோட்டத்துக்கென்றே பக்கத்தில் இணையாக இன்னொரு சுரங்கம் குடையப்பட்டதற்கும், தொழிலாளர்களுக்குக் குளியலறையும் உடைமாற்றும் அறையும் கட்டித் தரப்பட்டதற்கும் இந்த அனுபவமே பின்னணி. அங்கேயும் பாறை 55 டிகிரி வரை கொதித்தது. வெந்நீர் ஊற்றுகள் பீறிட்டன. குளிர்ந்த நீரைப் பீய்ச்சியபடிதான் வேலையைத் தொடர முடிந்தது.

என் கருத்துக்கு வலுவான சான்று, சுவிட்சர்லாந்தின் லோட்ஷ்பெர்க் சுரங்கம். அது காஸ்டெர்ன் பள்ளத்தாக்கின் அடியில் செல்ல வேண்டியிருந்தது. ஆறும் பனியாறும் கொண்டுவந்து சேர்த்த மணலும் சரளையும் மேலோட்டமாகவே இருக்கும், சுரங்கம் போகும் ஆழத்தில் கெட்டிப் பாறைதான் என்று நிபுணர்கள் கணித்தனர். 1908 ஜூலை 24 அதிகாலையில் வெடி வைத்ததும், நீரும் மணலும் சரளையும் ஒன்றாகப் பாய்ந்து ஒரு கிலோமீட்டருக்கும் மேலாகச் சுரங்கத்தை அடைத்தன. 25 தொழிலாளர்கள் மாண்டனர். மேலே பள்ளத்தாக்கின் தரையே உள்வாங்கிப் போயிற்று. பிறகு அந்தப் பகுதியைச் சுவர் எழுப்பி மூடிவிட்டு, பாதையை வளைத்துக் கொண்டுபோனதால் நீளம் ஏறத்தாழ 800 மீட்டர் கூடியது.

எங்கள் ஊரில் ஆழ்குழாய் இறக்குபவர், பத்தடிக்கு ஒரு குவியலாக மண்ணை வரிசையாகக் கொட்டிவைத்து, களி எங்கே முடிகிறது, மணல் எங்கே தொடங்குகிறது என்று விரலால் நெருடிப் பார்த்த பிறகே ஃபில்டர் குழாய் எந்த ஆழத்தில் நிற்க வேண்டும் என்று சொல்வார். பக்கத்துக் கொல்லையில் எண்பதடியில் மணல் கிடைத்தது என்ற செய்தியை அவர் காதில் வாங்கிக்கொள்வாரே தவிர நம்பமாட்டார். அந்த எச்சரிக்கை லோட்ஷ்பெர்க்கில் இல்லை. 2016இல் திறக்கப்பட்ட 57 கி.மீ. நீள கோத்தார்டு அடித்தளச் சுரங்கத்தில் இருந்தது. பியோரா என்ற பகுதியில் சர்க்கரையைப் போல உதிரும் டோலமைட் என்ற பாறை நீரோடு கலந்து கிடக்கக்கூடும் என்ற ஐயத்தால், பல ஆண்டுகளுக்கு முன்பே அங்கே ஆய்வுத் துளைகள் இடப்பட்டன. மேல்மட்டத்தில் போட்ட துளையிலிருந்து நீரும் மணலும் சீறிவந்தன; சுரங்கம் செல்லும் மட்டத்தில் பாறை உலர்ந்து கெட்டியாக இருப்பது உறுதியான பிறகே அப்பகுதியைக் கடந்தனர். அத்தனை கவனத்துக்குப் பின்னும் அந்தத் திட்டத்தில் ஒன்பது பேர் இறந்தனர்.

இது ஆல்ப்ஸுக்கு மட்டும் உரியதல்ல. அமெரிக்காவின் கொலராடோவில், 3,500 மீட்டர் உயரத்தில் 1880இல் தொடங்கப்பட்ட ஆல்பைன் ரயில் சுரங்கம், நீளத்தில் வெறும் 540 மீட்டர்தான். கருங்கல்லை எதிர்பார்த்தவர்களுக்கு உதிரிப் பாறையும் நீரும் எதிர்ப்பட, கலிபோர்னியாவிலிருந்து செம்மரப் பலகைகளைக் கொண்டுவந்து உட்புறம் முழுக்கத் தாங்கு கொடுக்க நேர்ந்தது. 1910இல் அது கைவிடப்பட்டது. காஷ்மீர்ப் பாதையிலும் பொறியாளர்களை நீண்ட காலம் தவிக்கவைத்தது கட்ராவை அடுத்த 3.2 கி.மீ. சுரங்கம், நொறுங்கிய பாறையும் நீர்க்கசிவும்தான் அங்கே தடை. தங்கள் கட்டுரையில் அதற்கு ஒரே ஒரு வரி.

சமவெளிக்காரனுக்கு மலைச் சுரங்கத்தில் என்ன அக்கறை என்று சிலர் கேட்கலாம். வேளாங்கண்ணி–எர்ணாகுளம் ரயிலில் செல்வோர் செங்கோட்டைக்கு அப்பால் மலையைக் குடைந்த பாதை வழியாகத்தான் கேரளத்துக்குள் நுழைகிறார்கள். நீலகிரி மலை ரயிலின் நீராவி என்ஜின்களைப் பராமரிப்பதும், 2011க்குப் பின் புதிதாகக் கட்டித் தந்ததும் நாகப்பட்டினத்திலிருந்து இடம்பெயர்ந்த பொன்மலைப் பணிமனைதான்.

உத்தராகண்டில் 125 கி.மீ. நீள ரிஷிகேஷ்–கர்ணபிரயாகை ரயில் பாதை உருவாகிவருகிறது; அதில் ஏறத்தாழ 105 கி.மீ. சுரங்கத்துக்குள் செல்லும். 2023இல் 41 தொழிலாளர்கள் 17 நாட்கள் சிக்கிக்கிடந்த சில்க்யாரா சாலைச் சுரங்கமும் அதே மாநிலத்தில்தான் உள்ளது. அந்த ரயில் பாதையைப் பற்றித் தாங்கள் கட்டுரை வெளியிடும்போது, குடைவதற்கு முன் நிலவியலாளர்கள் சொன்னது என்ன, குடைந்தபோது எதிர்ப்பட்டது என்ன, வெளியேற்றிய நீர் எங்கே போகிறது, மேலே உள்ள கிராமங்களின் ஊற்றுகள் என்னவாயின, வேலை செய்தவர்கள் எந்த ஊர்க்காரர்கள், எத்தனை பேர் திரும்பவில்லை என்பவற்றையும் கிலோமீட்டர் கணக்கோடு சேர்த்து அச்சிடுமாறு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
தங்கள் வாசகன்,
பாபநாசம் வட்டம், தஞ்சாவூர் மாவட்டம்.