சிரிச்சாச்சு, அந்தச் சுரங்கத் தெரு என்னாச்சு?

ஆசிரியருக்கு வணக்கம்,

போன இதழ்ல பிரெஞ்சு காமெடி படங்களப் பத்தின கட்டுரையில 2008ல வந்த 'பியாங்வென்யூ ஷே லே ஷ்தி' (ஷ்திங்க, அதாவது வடக்கு பிரான்ஸ்காரங்க ஊருக்கு நல்வரவு) படத்த, வடக்குக்காரங்க மேல இருந்த தப்பான எண்ணத்த ஒடச்ச படம்ங்கற மாதிரி எழுதியிருந்தாங்க. அது பாதிதான் சரி. நான் வடக்கு பிரான்ஸ்ல லில் நகரத்துல இருக்கேன், இங்க இந்தப் படம் பிடிக்காத ஆளத் தேடித்தான் புடிக்கணும், எனக்கும் பிடிக்கும், டிவில போட்டா இப்பவும் சேனல் மாத்த மாட்டேன். தெக்கத்திக்கார போஸ்ட் ஆபீஸ் மேனேஜரான ஹீரோவ பெர்க்ங்கற வடக்கத்தி ஊருக்கு மாத்திடுவாங்க, போற வழியில ஹைவேல ரொம்ப ஸ்லோவா ஓட்டுறான்னு அவர நிறுத்துற போலீஸ்காரர், வடக்குக்கு டிரான்ஸ்பர்னு கேட்டதும் பாவப்பட்டு விட்டுடுவாரு பாருங்க, அந்த இடம்லாம் சூப்பர்.

டைரக்டர் டானி பூனும் இந்தப் பக்கத்து ஆளுதான், அர்மாந்தியேர்ல பொறந்தவரு, சொந்த ஊர மட்டம் தட்டணும்னு எடுக்கல. பிரான்ஸ்ல மட்டும் 2 கோடி டிக்கெட்டுக்கு மேல வித்த படம். ஆனா அந்த நடுப்பகுதி இருக்கே. தெக்க இருக்கற பொண்டாட்டிகிட்ட ஹீரோ, ஊரு நரகம்னு அளந்து விட்டிருப்பாரு, அந்தம்மா நேர்லயே வந்துடும், உடனே போஸ்ட் ஆபீஸ் ஆளுங்க எல்லாம் குடிகாரங்களா நடிச்சு அந்தம்மாவ ஒரு பழைய சுரங்கத் தொழிலாளி குடியிருப்புக்குக் கூட்டிட்டுப் போய் இதுதான் பெர்க்னு காட்டுவாங்க. அது செட்டு இல்லீங்க. ப்ருவே-லா-புய்சியேர்ல நெஜமாவே இருக்கற இடம், 1850கள்லயும் 60கள்லயும் கட்டின வீடுங்க, தலைமுறை தலைமுறையா நிலக்கரி வெட்டினவங்க குடும்பம் இருந்த தெரு. ஆக பெர்க் அப்படி இல்லைன்னு படம் சொல்லுது சரி, அப்ப நரகம்னு காட்டுறதுக்கு ஏன் அவங்க தெரு? கடைசில அழகான மணிக்கூண்டு, நல்ல மனசுக்காரங்கன்னு பெர்க்குக்கு நல்ல பேரு கெடச்சுது, சுரங்கப் பக்கத்துக்கு அந்த இருட்டும் குடியும்தான் மிச்சம்.

இதுல இன்னொரு கூத்து, பெர்க் டன்கெர்க் பக்கத்துல இருக்கற ஊரு, அங்க பழைய பாஷை ஃப்ளெமிஷ், படத்துல பேசுற ஷ்தி பேச்சு அந்த ஊருக்கே சொந்தம் இல்ல. வடக்குன்னா எல்லாம் ஒண்ணுதான்னு ஒரே மூட்டையா கட்டிட்டாங்க.

படம் வந்து ஒரு மாசத்துல, 2008 மார்ச் 29, வடக்குல இருக்கற லான்ஸ் ஊரு டீமோட நடந்த ஃபுட்பால் ஃபைனல்ல பாரிஸ் டீம் ரசிகர்கள் சில பேரு இந்தப் படத்தோட பேரையே போட்டு, வேலையில்லாதவனுங்க, சொந்தத்துக்குள்ளயே பெத்துக்கறவனுங்கன்னு இன்னும் மோசமான வார்த்தையோட பெரிய பேனர் விரிச்சானுங்க. அதுக்குப் படத்தக் குத்தம் சொல்ல முடியாது, ஆனா தப்பான எண்ணம் ஒடஞ்சுபோச்சுன்னு எழுதும்போது இதையும் ஒரு வரி சேத்திருக்கலாம். லான்ஸும் சுரங்க ஊருதான், இந்தப் பக்கத்துல கடைசிச் சுரங்கத்த மூடினது 1990லதான், ஜனங்க வேலையில்லாம நின்னது அவங்க சோம்பேறித்தனமா என்ன.

2012ல இந்தச் சுரங்கப் பகுதிய யுனெஸ்கோ உலகப் பாரம்பரியச் சின்னம்னு அறிவிச்சுது, நான் சொன்ன அந்தத் தெருவும் அதுல சேத்தி, இப்ப ரிப்பேர் பண்ணி எல்லாரும் போய்ப் பாக்கற மாதிரி வெச்சிருக்காங்க. கட்டுரை எழுதினவர் அந்த சீன மட்டும் இன்னொரு தடவை போட்டுப் பாக்கட்டும்.

இப்படிக்கு,
ஒரு வாசகர், லில், பிரான்ஸ்