மண்டைக்குக் காலில் அடி

அன்புள்ள சேகர்,

கடிதம் கிடைத்தது. முழங்கால் வலி குறைந்துவிட்டது என்பதற்காக இப்போதே மாடிப்படி ஏற ஆரம்பிக்காதே. இங்கே எல்லோரும் சௌக்கியம், சின்னவனுக்கு பெங்களூருக்கு மாற்றல் வந்திருக்கிறது, போவதா வேண்டாமா என்று வீட்டில் தினமும் பஞ்சாயத்து.

சரி, உன் பேத்தி விஷயம். ஷேக்ஸ்பியரின் 'லவ்ஸ் லேபர்ஸ் லாஸ்ட்' நாடகத்தில் அவளுக்குக் காஸ்டர்ட் என்ற கோமாளி வேஷம், கூட நடிக்கிறவர்கள் கஸ்டர்ட் என்று கேலி செய்கிறார்கள் என்று எழுதியிருந்தாய். பாலும் முட்டையும் சேர்த்துக் கிண்டுகிற கஸ்டர்டுக்கும் இதற்கும் ஒட்டும் இல்லை உறவும் இல்லை. காஸ்டர்ட் இங்கிலாந்தின் பழைய ஆப்பிள், சமையலுக்கானது, நல்ல பெரிய பழம், தோலின்மேல் மேடு மேடாக வரி ஓடும். பழைய பிரெஞ்சில் விலா எலும்புக்குப் பெயர் 'கோஸ்ட்', அந்த வரிகளைப் பார்த்துத்தான் இந்தப் பெயர் வந்திருக்கும் என்பது அகராதிக்காரர்களின் கருத்து. முதலாம் எட்வர்ட் காலத்தில், 1292-லேயே, பழக்காரர்களின் கணக்குச் சீட்டில் இது இருக்கிறது, நூறு பழம் ஒரு ஷில்லிங்.

பெரிய உருண்டைப் பழம் இல்லையா, நாம் 'மண்டை' என்று சொல்வதுபோலத் தலையையே கிண்டலாகக் காஸ்டர்ட் என்று சொல்ல ஆரம்பித்துவிட்டார்கள். மூன்றாம் அங்கத்தில் அந்தக் கோமாளி காலில் அடிபட்டு வரும்போது, மண்டைக்குக் காலில் அடி என்று ஷேக்ஸ்பியர் விளையாடுவது இதை வைத்துத்தான். இது தெரியாமல் நடித்தால் அந்த இடத்தில் சிரிப்பே வராது, அவளிடம் சொல்லிவை.

எனக்குப் பிடித்தது இதற்கு அப்புறம் நடந்ததுதான். இந்தப் பழத்தை விற்றவர்களை காஸ்டர்மாங்கர் என்றார்கள். பிறகு அவர்கள் எல்லாப் பழமும் காய்கறியும் மீனும் தள்ளுவண்டியில் வைத்துக் கூவி விற்றார்கள், ஆப்பிளின் மவுசு போய்விட்டது, பெயர் மட்டும் ஆட்களோடு ஒட்டிக்கொண்டது. 19-ஆம் நூற்றாண்டு லண்டன் தெருக்களில் இவர்கள் ஒரு தனி ஜாதி மாதிரி, போலீஸுக்குப் புரியக் கூடாது என்று சொற்களைத் தலைகீழாகத் திருப்பிப் பேசுவார்களாம். பையன் என்பதற்கான ஆங்கிலச் சொல் 'பாய்' (boy), அதைத் திருப்பினால் 'யாப்' (yob), இன்றைக்கும் அங்கே ரௌடிப் பையன்களை அப்படித்தான் திட்டுகிறார்கள்.

நாடகம் என்றைக்கு என்று எழுது. சின்னவன் விவகாரம் ஒரு வழிக்கு வந்தால் நாங்கள் இருவருமே வருகிறோம்.

அன்புடன்,
ராமு