ஒன்பதாம் வகுப்புப் பெற்றோருக்கு: கண்மாய் அளக்கப் போகிறோம்

அன்புள்ள பெற்றோருக்கு, வணக்கம்.

வரும் சனிக்கிழமை காலை ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகளை ஊர்க் கண்மாய்க்கு அழைத்துப் போகிறோம். சுற்றுலா இல்லை. செயற்கைக்கோள் படத்தில் பார்த்ததை நேரில் சரிபார்க்கும் வேலை. "எந்நேரமும் கம்ப்யூட்டர் முன்னாலேயே உட்கார வைக்கிறீர்களாமே" என்று சிலர் கேட்டதால் கொஞ்சம் விளக்கமாகவே எழுதுகிறேன்.

ஒரு பொருளைத் தொடாமல், அதிலிருந்து வரும் ஒளியை வைத்தே அது என்னவென்று கண்டறிவதுதான் தொலையுணர்வு. பிள்ளைகள் பார்ப்பவை ஐரோப்பாவின் சென்டினல்-2 செயற்கைக்கோள்கள் எடுத்த படங்கள். 786 கி.மீ. உயரத்தில் சுற்றி, ஐந்து நாளைக்கு ஒருமுறை நம் ஊரைப் படமெடுக்கின்றன. எல்லாம் இலவசம். படத்தில் ஒரு கட்டம், தரையில் 10 மீட்டருக்கு 10 மீட்டர். நூறு கட்டம் ஒரு ஹெக்டேர், அதாவது ஏறக்குறைய இரண்டரை ஏக்கர். கட்டங்களை எண்ணினாலே கண்மாயில் எத்தனை ஏக்கருக்குத் தண்ணீர் நிற்கிறது என்று சொல்லிவிடலாம். சின்ன ஊருணிக்கு இது சரிப்படாது. தண்ணீரும் கரையும் ஒரே கட்டத்தில் விழுந்து குழப்பும்.

நிறம்தான் பிள்ளைகளைத் தடுமாற வைத்தது. கண்ணுக்குத் தெரியாத அகச்சிவப்பு ஒளியைச் செழிப்பான இலைகள் நிறையவே திருப்பி அனுப்பும், தண்ணீர் விழுங்கிவிடும். படத்தில் அந்த ஒளிக்குச் சிவப்பு நிறம் கொடுப்பது வழக்கம். கண்மாய்க்குள் சிவப்பாகக் கிடந்ததை "நம்ம செம்மண் டீச்சர்" என்றார்கள் பிள்ளைகள். உண்மையில் அது பச்சைச் செடிகொடி! 1970 வாக்கில் இந்திய விஞ்ஞானி பிஷரோட்டியின் குழுவினர் கேரளத் தென்னைகளின் வாடல் நோயை ஹெலிகாப்டரிலிருந்து படமெடுத்துப் பார்த்ததும் இந்த அகச்சிவப்பை நம்பித்தான்.

சரி, அந்தப் பச்சை என்ன? சீமைக்கருவேலமா, நாணலா, ஆகாயத்தாமரையா? கோடையில் மற்றதெல்லாம் காய்ந்த பிறகும் சிவப்பாகவே இருப்பதால் எனக்குச் சீமைக்கருவேலத்தின் மேல்தான் சந்தேகம். ஆனால் படத்தை மட்டும் வைத்து அடித்துச் சொல்ல முடியாது, போய்த்தான் பார்க்க வேண்டும். ஐப்பசி மழை பிடித்துக்கொண்டால் மேகம் மறைத்து இந்தப் படங்களில் ஒன்றும் தெரியாது. மேகத்தை ஊடுருவ ரேடார் செயற்கைக்கோள் வேண்டும். அது அடுத்த பருவப் பாடம்.

உங்களிடம் ஓர் உதவி. வீட்டில் ஐயா, அப்பத்தா இருந்தால் பழைய மடை எது, கலுங்கு எங்கே, எந்த வருஷம் மறுகால் பாய்ந்தது என்று பிள்ளைகள் கேட்பார்கள். பொறுமையாகச் சொல்லச் சொல்லுங்கள். அமெரிக்காவின் லேண்ட்சாட் செயற்கைக்கோள்கள் 1972 முதல் படமெடுத்து வருகின்றன. பெரியவர்கள் சொல்வதை அந்தப் பழைய படங்களோடு ஒத்துப் பார்க்க ஆசை.

முள் அதிகம், அதனால் ஷூவும் முழுக்கைச் சட்டையும் கட்டாயம். தண்ணீர் பாட்டிலும் புளிச்சோறோ இட்லியோ ஏதாவதும் கொடுத்துவிடுங்கள். யாரையும் தண்ணீரில் இறங்க விடமாட்டோம். கையெழுத்திட்ட சம்மதச் சீட்டு புதன்கிழமைக்குள் வகுப்பாசிரியரிடம் வந்துவிட வேண்டும்.

அன்புடன்,
தலைமையாசிரியர்