செயலாளர் ஆண்டறிக்கை: எமிலி சான்னோமோடு போன வருடம்

தலைவருக்கும் அங்கத்தவர்களுக்கும் வணக்கம்.

நாம் வாழும் டென்மார்க்கின் பழைய மௌனப் படங்களைப் பார்ப்பது என்று சென்ற பொதுக்கூட்டத்தில் முடிவெடுத்தோம். முதல் ஒன்றுகூடலில் ஆஸ்டா நீல்சன் நடித்த, 1910இல் வெளிவந்த 'அஃப்குருண்டன்' காட்டினோம். டேனிஷ் திரைப்பட நிறுவனம் இணையத்தில் இலவசமாக விட்டிருப்பதால் படத்துக்குச் செலவில்லை. ஆனால் வழக்கம்போல ஒலிபெருக்கியை வாடகைக்கு எடுத்துவிட்டோம், மௌனப் படத்துக்கு! கொடுத்த காசு வீணாகக் கூடாதென்று அங்கத்தவர் ஒருவரின் மகள் அதில் வயலின் வாசித்தாள். உண்மையில் அன்றைக்கு அதுதான் படத்தைத் தூக்கி நிறுத்தியது.

ஆஸ்டாவை எல்லோருக்கும் கொஞ்சமாவது தெரியும். வருடம் முழுக்க எங்களை இழுத்துக்கொண்டு போனவர் எமிலி சான்னோம் என்ற நடிகை. 1886இல் கொப்பன்ஹேகனில் பிறந்தவர். 1911இல் நோர்டிஸ்க் திரைப்பட நிறுவனத்துக்காக ஓகஸ்ட் புளோம் 'ஹாம்லெட்' எடுத்தபோது, ஹெல்சிங்கோரில் உள்ள, கதை நடக்கிற குரோன்போர்க் கோட்டைக்கே போய்ப் படம் பிடித்தார்கள். அதில் ஹாம்லெட்டின் காதலி ஒஃபீலியா இவர்தான். பத்து வருடம் கழித்து ஜெர்மனியில் ஆஸ்டா, ஹாம்லெட் வேடத்தையே போட்டார். பேர் அவருக்குத்தான் நின்றது.

எமிலி அழுது மடியும் பெண்ணாக அடங்கிவிடவில்லை. உயரத்திலிருந்து குதிப்பார், பறக்கும் விமானத்தில் தொங்குவார். டூப் கிடையாது, எல்லாம் அவரே. முதல் உலகப் போர் முடிகிற நேரத்தில் வந்த 'பனோப்டா' தொடர்ப் படங்களின் நாயகி அவர். அப்புறம் வான்சாகசக் காட்சிகளில் இறங்கிவிட்டார். 1931 ஓகஸ்ட் 30, ஞாயிற்றுக்கிழமை, கிரேனோவில் குதித்தபோது பரசூட் விரியவில்லை. வயது 44.

கிரேனோ, நம்மில் பலர் கோடையில் பிள்ளைகளோடு கடலில் குளிக்கப் போகும் ஊர். இத்தனை வருடம் போய்வந்தும் இந்தக் கதை ஒருவருக்கும் தெரியாது என்பது எனக்குக் கொஞ்சம் வெட்கமாகத்தான் இருந்தது. செப்டெம்பரில் ஒரு சிறிய பஸ்ஸில் 14 பேர் அங்கே போனோம். நல்ல மழை. இறங்கியவர்கள் ஆறு பேர்.

திரும்பும் வழியில் வைல்பி என்ற கிராமத்திலும் நின்றோம். டென்மார்க்கின் முதல் முழுநீளப் பேசும் படம் அந்த ஊர்ப் போதகரின் கதைதான். அதுவும் 1931, மே மாதம். நம் முதல் தமிழ்ப் பேசும் படமான 'காளிதாஸ்' அதே வருடம் ஒக்டோபர் 31. இரண்டுக்கும் நடுவில்தான் எமிலி விழுந்திருக்கிறார் என்று எங்கள் மூத்த அங்கத்தவர் விரல் விட்டு எண்ணிச் சொன்னார். பஸ் கொஞ்ச நேரம் அமைதியாக வந்தது.

"வருடம் முழுக்க ஒருத்தியையே பேசுகிறோம், சிவாஜி படம் எப்போது?" என்று ஒரு முறைப்பாடும் வந்தது. சரி, நியாயம்தான். அடுத்த வருடம் இரண்டு மாலைகள் சிவாஜிக்கு என்று ஏகமனதாகத் தீர்மானித்தோம்.

பொருளாளரின் கணக்கறிக்கை அடுத்து வரும். ஒலிபெருக்கி வாடகையைப் பற்றி அவர் கேட்பார். பதிலை மேலேயே எழுதிவிட்டேன்.

செயலாளர்